என் தங்கையின் துரு

மீனம்பாக்கத்தில் இறங்கியதும் சுங்க அதிகாரி என்னைக் கேட்ட முதல் கேள்வி, "இது என்ன ஆயுதமா?" என்பதுதான்.

என் பெட்டியிலிருந்து அவர் இரண்டு கையாலும் தூக்கி மேஜைமேல் வைத்தது ஒரு பழைய இரும்பு ஆணி. காலண்டர் மாட்டுகிற ஆணி இல்லை. முழங்கை நீளம், கைக்குழந்தையின் கனம். எங்கள் ஈப்போவுக்குப் பக்கத்தில் குளத்தில் மிதந்தபடியே ஈயம் தோண்டும் பெரிய கப்பல்கள் இருந்தன. அவற்றின் வாளிச் சங்கிலியைக் கோக்கிற ஆணி அது. எங்கள் அப்பா அந்தக் கப்பலில்தான் வேலை பார்த்தார்.

"தங்கச்சி கேட்டா, கொண்டு வந்தேன்" என்றேன்.

"மலேசியாவுலேருந்து தங்கச்சிக்கு சென்ட் பாட்டில் கொண்டு வருவாங்க. நீங்க என்ன சார், இதைக் கொண்டு வரீங்க?"

துருவுக்கு அடியில் தங்கம் இருக்குமோ என்று அவருக்குச் சந்தேகம். சாவியால் ஒரு ஓரத்தைச் சுரண்டிப் பார்த்தார். உள்ளேயும் இரும்புதான். முகம் விழுந்துபோய் என்னைப் போகச் சொன்னார்.

வெளியே மாப்பிள்ளை ரகு காத்திருந்தார். கல்லூரியில் இயற்பியல் வாத்தியார், பரம்பரை மயிலாப்பூர்க்காரர். "வாங்கோண்ணா, ஃப்ளைட்ல சாப்பிட ஏதாவது குடுத்தானா?" என்று கேட்டபடியே என் பெட்டியைத் தூக்கப் போனவர் அதை அப்படியே கீழே வைத்துவிட்டார். "என்னண்ணா, கப்பலையே கொண்டு வந்துட்டேளா?"

தங்கையைப் பற்றி இங்கே சொல்லிவிட வேண்டும். வசந்தி சிற்பி. கல்லைத் தொடமாட்டாள், களிமண்ணைத் தொடமாட்டாள். காயலான்கடையில் கிடக்கிற இரும்பு, உடைந்த மின்விசிறி, லாரி கழற்றிப் போட்ட உறுப்புகள் இவைதான் அவளுக்குக் கல்லும் மண்ணும். ஈப்போவில் நான் லாரி உதிரிபாகக் கடை வைத்திருக்கிறேன். சின்ன வயதில் என் கடையில் உட்கார்ந்து நட்டும் போல்ட்டும் அடுக்கி விளையாடியவள் இங்கே ஓவியக் கல்லூரியில் படிக்க வந்தாள். வந்த இடத்தில் ரகுவைக் கட்டிக்கொண்டு இங்கேயே தங்கிவிட்டாள். இப்போது முதல் தடவையாக அவள் பேரில் மட்டும் ஒரு கண்காட்சி. அடையாறில் ஒரு அரங்கம், விஜயதசமி சாயங்காலம் திறப்பு. கடையை மைத்துனன் கையில் கொடுத்துவிட்டு விமானம் ஏறிவிட்டேன். ஏறாமல் எப்படி இருப்பேன்?

ஊருக்குச் சென்னை என்று பேர் மாற்றியிருந்தார்கள். ஆட்டோக்காரரிடம் அதைப் பற்றிக் கேட்டேன். "பேரு மாறிச்சி சார். பள்ளம் மாறல" என்றார். சொல்லி வாய் மூடவில்லை, ஒரு பள்ளத்தில் இறங்கி ஏறினோம். என் தலை கூரையில் இடித்தது. ஈப்போவில் இப்படி ஒரு பள்ளம் இருந்தால் நகராட்சிக்குப் பத்துப் பேர் போன் செய்வார்கள். இங்கே பள்ளத்தை எல்லாரும் முகவரி சொல்லப் பயன்படுத்துகிறார்கள்.

நவராத்திரி சமயம். மயிலாப்பூர்க் குளத்தைச் சுற்றிலும் பொம்மைக் கடை. வசந்தி வீட்டிலும் கொலு. மேல்படிகளில் மாப்பிள்ளை வீட்டுப் பழைய மண் பொம்மைகள். கடைசிப் படி மட்டும் என் தங்கையுடையது. அதில் ஸ்பார்க் பிளக்குகள் நாதஸ்வரம் வாசித்துக்கொண்டு ஊர்வலம் போயின. செட்டியார் பொம்மைக்குத் தொப்பை பெரிய பால் பேரிங்.

சுண்டல் வாங்க வந்த எதிர்வீட்டு மாமி குனிந்து பார்த்தாள். "ஏண்டி வசந்தி, செட்டியார் வயத்துல என்னடி வெச்சிருக்கே?"

"பேரிங் மாமி. சுத்தும். சுத்திப் பாருங்கோ."

மாமி ஒரு விரலால் சுற்றிவிட்டாள். வயிறு கிறுகிறுவென்று சுழன்றது. மாமி வாய்விட்டுச் சிரித்தாள், இன்னொரு தடவையும் சுற்றினாள். நானோ பக்கத்தில் நின்று, "அது லாரி பின்சக்கர பேரிங், அந்தக் கை எஞ்சின் வால்வு" என்று கடைக்காரன் புத்தியோடு ஒப்பித்துக்கொண்டிருந்தேன்.

"அண்ணே, பாகம் பாகமா கழட்டாத. முழுசா பாரு" என்றாள் வசந்தி.

மறுநாள் ஈக்காட்டுத்தாங்கல் போனோம். ஒரு பட்டறையில் லேத்தும் டிரில்லும் வெல்டிங்கும் ஒரே கூரைக்கடியில் ஒன்றையொன்று மிஞ்சிச் சத்தம் போட்டுக்கொண்டிருந்தன. முதலாளி ஆரோக்கியசாமி சாந்தோம்காரர். அவர் மேஜைக்கு மேலே மாதா படமும் சரஸ்வதி படமும் ஒரே ஆணியில் தொங்கின. தலைமை வெல்டர் காசி. அவனுக்கு வசந்தி என்றால் 'யக்கா'தான், அவளைவிட அவன் பெரியவனாக இருந்தாலும்.

பட்டறைக்குப் பின்னால் திறந்தவெளி. அங்கேதான் அது நின்றது.

என்னைவிட உயரம். எண்ணெய் டிரம்களை வெட்டி, தகடு தகடாக வளைத்து, ஒன்றின் தோளில் ஒன்று சாய்வதுபோல் ஏற்றியிருந்தாள். உச்சியிலிருந்து லேத்தில் கடையும்போது விழும் இரும்புச் சுருள்கள் ஈரத் தலைமுடி மாதிரி தொங்கின. இதுவரை அவள் செய்தவை பித்தளை, அலுமினியம் என்று பளபளப்பானவை. இதில் பளபளப்பு பேருக்குக்கூட இல்லை. முழுக்கத் துரு. இரண்டு மழைக்காலம் அதை வெளியே நிறுத்தி வளர்த்திருக்கிறாள். சில தகட்டுக்கு ஈரச் சாக்கைப் போர்த்தியிருக்கிறாள், சிலதற்கு உப்புத் தண்ணீர் தெளித்திருக்கிறாள். மஞ்சள், செங்கல் நிறம், வெற்றிலை எச்சில் நிறம், கருஞ்சிவப்பு என்று ஒவ்வொரு தகடும் ஒரு மாதிரி சிவந்திருந்தது. ஆயுசு முழுக்கத் துருவை எண்ணெய் போட்டுத் துடைத்தவன் நான். துருவில் இத்தனை நிறம் உண்டு என்று அன்றைக்குத்தான் தெரிந்தது. பாகம் பாகமாகப் பார்க்க எனக்குத் தோன்றவே இல்லை.

"நடு அரங்கத்துல இதுதான் நிக்கணும்" என்றாள் வசந்தி. "மத்ததெல்லாம் நான் கத்துக்கிட்ட வேலை அண்ணே. இது ஒண்ணுதான் என் வேலை."

அப்பாவின் ஆணியைக் காசி நடுவில் வைத்துப் பற்றவைத்தான். கண்ணாடியைக் கழற்றிவிட்டு, "யக்கா, இத்துக்கு எப்போ பெயிண்ட் அடிக்கப் போறோம்?" என்று கேட்டான்.

"அடிக்கப் போறதில்ல காசி" என்று அவள் சிரித்தாள். அவனும் சிரித்தான். அவள் உண்மையைச் சொல்லிச் சிரித்தாள், அவன் வேடிக்கை என்று நினைத்துச் சிரித்தான். அந்த இரண்டு சிரிப்பையும் அன்றைக்கு ஒருவரும் சரிபார்க்கவில்லை.

மாப்பிள்ளை வீட்டில் சாப்பாடு அமிர்தம்தான். ஆனால் இரண்டாம் நாளே என் நாக்கு மீனுக்கு அலைய ஆரம்பித்துவிட்டது. திரும்பும் வழியில் நொச்சிக்குப்பத்தில் இறங்கி, படகு ஓரமாக ஒரு அம்மாள் பொரித்துக்கொண்டிருந்த வஞ்சிரத்தை அண்ணனும் தங்கையும் நின்றுகொண்டே சாப்பிட்டோம். மிளகாய்த்தூள் காதுவரை ஏறியது. "மாப்பிள்ளைக்குத் தெரிஞ்சா?" என்றேன். "அவர்தான் காசு குடுத்து அனுப்பினார்" என்றாள்.

அதற்கடுத்த நாள் தி. நகர். திறப்புவிழாவுக்கு எனக்குப் பட்டு வேட்டி வாங்க வேண்டும் என்று வசந்தியின் பிடிவாதம். ஆயுத பூஜைக்கு முந்தைய நாளில் தி. நகரில் நடக்கவே வேண்டியதில்லை, கூட்டமே கொண்டுபோய் விடும். என்னையும் கொண்டுபோனது, நான் நினைத்த கடைக்கு இல்லை, பாத்திரக் கடைக்குள். அங்கிருந்து மீண்டு வேட்டி வாங்கிப் பேருந்து ஏறினால், இறங்க வேண்டிய நிறுத்தத்தில் கதவுப் பக்கமே போக முடியவில்லை. "இறங்கணும், இறங்கணும்" என்று நான் கத்த, "நாங்க மட்டும் குடியிருக்கவா வந்தோம்?" என்றார் ஒருவர். மூன்று நிறுத்தம் தாண்டித்தான் பேருந்து என்னை விட்டது.

ஆயுத பூஜை அன்று சாயங்காலம் எங்களைப் பட்டறைக்குக் கூப்பிட்டிருந்தார்கள். வழியெல்லாம் கடை வாசலில் உடைத்த பூசணிக்காய். எங்கள் ஆட்டோவுக்கும் மாலை, வாழைக்கன்று, கண்ணாடியில் சந்தனம். டிரைவருக்கு வாழை இலைக்கு நடுவில் ரோடு தெரிந்ததா என்பதே சந்தேகம். சைதாப்பேட்டையில் ஒரு பூசணிக்காயில் சக்கரம் ஏறி வண்டி அரைவட்டம் அடித்து, வந்த திசையைப் பார்த்து நின்றது. "திஷ்டி கழிஞ்சிச்சி சார்" என்று நிதானமாகத் திருப்பினார்.

பட்டறைக்குள் நுழைந்ததும் நான் அசந்துபோனேன். கழுவித் துடைத்த தரை. லேத், டிரில், வெல்டிங் மெஷின் எல்லாம் புதுப்பெயிண்டில் மின்ன, ஒவ்வொன்றுக்கும் சந்தனம், குங்குமம், மாலை. சுத்தியல், கம்பி பிரஷ், கிரைண்டர் எல்லாம் சரஸ்வதி படத்துக்கு முன்னால் வரிசையாக அடுக்கியிருந்தது. ஆரோக்கியசாமி புதுச் சட்டையில் பொரிகடலை தட்டோடு நின்றார்.

எல்லா மெஷினுக்கும் நடுவில், முதல் மரியாதை கொடுத்து நிறுத்தியதுபோல், வசந்தியின் சிற்பம்.

சில்வர் பெயிண்டில் தகதகவென்று மின்னியது. அடிப்பாகம் சிவப்பு. ஒவ்வொரு தகட்டிலும் சந்தனப் பொட்டு. உச்சியில் சாமந்தி மாலை, காலடியில் எலுமிச்சை. கம்பி பிரஷ் போட்டு ஒரு துளி துரு மிச்சமில்லாமல் தேய்த்து, அதன்மேல் அடித்திருந்தார்கள்.

காசிக்கு முகமெல்லாம் சிரிப்பு. "யக்கா, இன்னா சொல்ற? நேத்து பூரா நாங்க எல்லாரும் இத்தான் தேச்சிகினு இருந்தோம். ரெண்டு வருசமா மழைல கெடந்து துரு புட்சிப் பூட்ச்சேன்னு மனசு கஷ்டமா இருந்திச்சி. பெரிய மன்சங்க வர்ற எடம். துருவோட அனுப்புனா நம்ம பட்டறைக்குத்தான அசிங்கம்?"

என் ரத்தம் கொதித்தது. யாரைக் கேட்டுச் செய்தீர்கள் என்று கேட்க வாயைத் திறந்தேன். வசந்தி என் கையைக் கிள்ளினாள். கிள்ளிய இடம் ஊருக்குத் திரும்பிய பிறகும் கறுத்திருந்தது. அவள் கற்பூரத்தைக் கண்ணில் ஒற்றிக்கொண்டாள், பொரி வாங்கிச் சாப்பிட்டாள். அவர்கள் சொன்னபடி பூசணிக்காயையும் உடைத்தாள். ஆட்டோவில் ஏறி கிண்டி தாண்டியபிறகுதான் அழுதாள். என் மடியில் தலை வைத்து, சின்ன வயதில் அழுததுபோலவே சத்தம் போட்டு அழுதாள்.

வீட்டில் மாப்பிள்ளை முதலில் வாத்தியார் ஆனார். "தின்னர் போட்டுத் தொடச்சா பெயிண்ட் போயிடும்."

"பெயிண்ட் போகும். துரு வருமா?" என்றாள் வசந்தி.

அதோடு, பூஜையில் வைத்த கருவியை மறுநாள் காலை பூஜைவரைக்கும் அந்தப் பட்டறையில் ஒருவரும் தொடமாட்டார்கள். ஆரோக்கியசாமியும் தொடமாட்டார்.

அரங்கத்துப் பொறுப்பாளருக்குப் போன் செய்து நடந்ததைச் சொன்னாள். அந்த மனிதருக்குச் சந்தோஷம் தாங்கவில்லை. குரல் எனக்கே கேட்டது. "அற்புதம் மேடம்! குங்குமம், எலுமிச்சம்பழம்... அப்படியே கொண்டு வாங்க. வெளிநாட்டுக்காரங்க வராங்க, ரொம்ப எடுபடும்."

வசந்தி போனை வைத்தாள். அழுகை நின்றுவிட்டது. கோபம் வந்தால் அவள் மூக்கு மட்டும் சிவக்கும், இப்போது சிவந்திருந்தது.

"வைக்க மாட்டேன்" என்றாள். "அவங்க சாமி கும்பிட்டதைக் கொண்டுபோய், இது என் ஐடியான்னு நிக்கணுமா? எடுபடுமாம்!"

"அப்ப நடுவுல என்ன வெப்பே?" என்றார் ரகு.

"தெரியல. ஆனா முதல்ல காசிகிட்ட உண்மையைச் சொல்லணும்."

அது வேண்டாம் என்றேன். பாவம், ஆசையாகச் செய்தார்கள், சொன்னால் மனசு உடைந்துபோகும் என்றேன். தங்கை என்னை ஒரு பார்வை பார்த்தாள். "அண்ணே, ஒரு வெல்டிங் தப்பா போச்சுன்னா நான் அவன்கிட்ட சொல்லுவேனா மாட்டேனா? இதை மட்டும் மறைச்சா, அவனை வேலைக்காரனா மதிக்கலைன்னு ஆகாதா?" இவளை என் கடைக் கல்லாவில் உட்காரவைத்துத் தூக்கி வளர்த்தவன் நான் என்ற நினைப்பு அப்போது கொஞ்சம் கூச்சமாகவும் ரொம்பப் பெருமையாகவும் இருந்தது.

விஜயதசமி காலை. பட்டறையில் பூஜை முடிந்து கருவிகளைக் கையில் எடுக்கும் நேரம். வருஷத்தின் முதல் வேலை, நல்ல வேலையாக இருக்க வேண்டும் என்று எல்லாரும் காத்திருந்தார்கள். வசந்தி எல்லாரையும் நிற்கவைத்துச் சொன்னாள். சுற்றி வளைக்கவில்லை. அந்தத் துருதான் தன் வேலை என்றாள். மழைக்கு வெளியே வைத்தது மறந்துபோய் இல்லை, வேண்டுமென்றே என்றாள். நேற்று அது போய்விட்டது என்றாள்.

காசி சிற்பத்தைப் பார்த்தான், தன் கையைப் பார்த்தான்.

"துரு... வோணும்னு வெச்சியா?"

"ஆமா காசி."

"நெஜமாவா சொன்ன அன்னைக்கு?"

"ஆமா."

அவன் தலையில் கை வைத்துக்கொண்டு உட்கார்ந்துவிட்டான். "அய்யோ... நானே அத்த தேச்சிட்டனே. யக்கா, தெரியாம பண்ட்டேன்க்கா." அப்புறம் பயந்துபோய், "இப்போ இத்த ஒட்ச்சித் தரச் சொல்லாத. இன்னிக்கி மொதல் வேல. ஒடைக்கக் கூடாது" என்றான்.

"உடைக்கச் சொல்லலை. பூஜை போட்டது உங்களுது, இங்கேயே நிக்கட்டும். எனக்குப் புதுசா ஒண்ணு வேணும். சாயங்காலத்துக்குள்ள."

ஆரோக்கியசாமிதான் முதலில் பேசினார். "இன்னைக்கு முதல் வேலை வசந்தியம்மாவுதுதான். லேத்துக்காரங்களும் வாங்க."

பின்னால் டிரம் தகடுகள் இன்னும் கிடந்தன. அவள் வேண்டாம் என்று ஒதுக்கியவை, மழையில் தானாகவே துருப்பிடித்தவை. காசி ஒவ்வொன்றையும் ஓரம் மட்டும் பிடித்து, நடுவில் கை படாமல், பெருவிரலைத் தூக்கிக்கொண்டு எடுத்து வந்தான். "டேய், மேல கை வெக்காத, பூடும்" என்று மற்றவர்களை அதட்டினான். "இந்தக் கலரு பரவாயில்லையா? இத்து ரொம்ப மஞ்சளா கீதே" என்று ஒவ்வொன்றுக்கும் வசந்தியைக் கேட்டான். அவள் வேண்டும் வேண்டாம் என்று தலையாட்டினாள். வளைக்க நேரமில்லை. தகடுகள் எப்படிக் கிடந்தனவோ அப்படியே, ஒன்றையொன்று தாங்கிக்கொள்கிற மாதிரி நிமிர்த்திப் பற்றவைத்தார்கள். முன்னதைவிடச் சின்னது, முரடு. ஆனால் நிமிர்ந்து நின்றது. அப்பாவின் ஆணி சந்தனப் பொட்டோடு சில்வர் பெயிண்டுக்குள் தங்கிவிட்டது. அப்பா இருந்திருந்தால் அதைத்தான் நன்றாக இருக்கிறது என்று சொல்லியிருப்பார். அவருக்கும் துரு என்றால் ஆகாது.

விடுமுறை நாளில் டெம்போ கிடைக்கவில்லை. கிடைத்தது ஒரு மீன்பாடி வண்டி. மூன்று சக்கர வண்டியில் பழைய ஸ்கூட்டர் எஞ்சினைக் கட்டியிருந்தார்கள். அதற்குச் சைலன்சர் என்று ஒன்று இருந்த அடையாளமே இல்லை. முன்னால் பலகையில் சிற்பம், ஒரு பக்கம் வசந்தி, இன்னொரு பக்கம் காசி, நடுவில் பட்டு வேட்டியில் நான். ஈப்போவில் யாராவது என்னை இந்தக் கோலத்தில் பார்த்தால் கடன் கொடுப்பதை நிறுத்திவிடுவார்கள். அன்றைக்கு நான் ராஜா மாதிரி உட்கார்ந்திருந்தேன்.

அடையாறு பாலத்துக்கு முன்னால் மழை பிடித்தது. ஐப்பசி மழை, எச்சரிக்கை எல்லாம் கிடையாது. வண்டிக்காரர் நிறுத்தித் தார்ப்பாயை எடுத்துச் சிற்பத்தின்மேல் போட்டார். காசி அதை இழுத்து என் தலையில் போட்டான்.

"நீ போத்திக்க நைனா. அத்து நனையட்டும்."

"இன்னாபா, துரு புடிக்குமே" என்றார் வண்டிக்காரர்.

"புடிக்கணும்" என்றான் காசி.

வசந்தி சிரித்தாள். மழை அவள் முகத்தில் வழிந்தது, துடைத்துக்கொள்ளவில்லை. தகடுகளிலிருந்து சிவப்புத் தண்ணீர் இறங்கி என் பட்டு வேட்டியில் ஏறியது. நானும் துடைக்கவில்லை.

அரங்கத்தில் விளக்கெல்லாம் போட்டுவிட்டார்கள். வாசலில் கார்கள் வந்துகொண்டிருந்தன. வண்டிக்காரரையும் சேர்த்து நாங்கள் நாலு பேரும் சொட்டச் சொட்ட அதைத் தூக்கிக்கொண்டு நடு அரங்கத்தில் கொண்டுபோய் வைத்தோம். பளபளக்கிற தரையில் சிவப்புத் தண்ணீர் ஓடியது. பொறுப்பாளர் ஓடி வந்தார், கையில் ஒரு வெள்ளைத் துணி. தரையைத் துடைத்துவிட்டு நிமிர்ந்தவர் அதே வேகத்தில் சிற்பத்தைத் துடைக்கப் போனார்.

காசி குறுக்கே வந்து நின்றான். பட்டறையிலிருந்து நேராக வந்தவன், ஈரச் சட்டை, பொசுங்கிய கை.

"கைய எடு சார்" என்றான். "அத்து அழுக்கு இல்ல. எங்க அக்கா வேல."